கேட்காமலே வந்த நார் மில்

எங்கள் ஊர்க் கடைசியில் தேங்காய் நார் மில் வரப்போவது ஈபி ஆட்கள் கம்பம் நட வந்தபோதுதான் எங்களுக்குத் தெரியும். "யாருக்குங்க லைனு?" என்று பெரியப்பா கேட்டதற்கு, "மில்லுக்குங்க, உங்களுக்குத் தெரியாதா?" என்று அவர்கள் திருப்பிக் கேட்டார்கள்.

தெரியாது. யாரும் சொல்லவில்லை. சம்பந்தப்பட்ட அலுவலகத்தில் போய் விசாரித்தால், "இசைவு கொடுத்து மூணு மாசம் ஆச்சுங்க" என்றார்கள்.

நான் தொழிலுக்கு எதிரி இல்லை. என் மச்சான் வீட்டில் அடுப்பு எரிவதே நார் மில் சம்பளத்தில்தான். ஆனால் பித்தை, அதாவது நார் எடுத்தபின் மிஞ்சும் மட்டைத் தூளை, கழுவிய தண்ணீரை மண்ணில் விட்டால் கிணறு என்ன நிறத்துக்கு மாறும் என்பதும் அவன் சொல்லித்தான் எனக்குத் தெரியும். மில் வேண்டாம் என்றுகூட நாங்கள் சொல்லியிருக்க மாட்டோம். பித் கழுவுவீர்களா, கழுவினால் அந்தத் தண்ணீர் எங்கே போகும் என்று கேட்டிருப்போம். அவ்வளவுதான்.

1974ஆம் ஆண்டு நீர்ச் சட்டம், 1981ஆம் ஆண்டு காற்றுச் சட்டம் இரண்டின்படியும் ஆலை தொடங்கும் முன் மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவு வேண்டும். விண்ணப்பம், கட்டணம், ஆய்வு எல்லாம் உண்டு. பக்கத்துத் தோட்டத்துக்காரரைக் கூப்பிட்டுக் கேட்க வேண்டும் என்று மட்டும் எங்கும் இல்லை. கொடுத்த இசைவின் நிபந்தனைகளைப் பதிவேட்டில் வைத்து, பாதிக்கப்படுபவர் கேட்டால் காட்ட வேண்டும் என்று நீர்ச் சட்டம் சொல்கிறது. மேல்முறையீட்டுக்கும் வழி இருக்கிறது, உத்தரவு தெரிவிக்கப்பட்ட 30 நாளுக்குள். அதை யாருக்குத் தெரிவிப்பார்கள்? விண்ணப்பித்தவருக்கு!

பெரிய திட்டங்கள் பரவாயில்லை. 2006 சுற்றுச்சூழல் அறிவிக்கையின்படி அவற்றில் பலவற்றுக்குக் கருத்துக் கேட்புக் கூட்டம் உண்டு. 30 நாள் முன்னறிவிப்பு, நாளிதழ் விளம்பரம், கலெக்டர் அல்லது அவருடைய பிரதிநிதி தலைமை, கடைசியில் பேசியதை உள்ளூர் மொழியில் வாசித்துக் காட்டுவது என்று எழுத்தில் எல்லாம் அழகாகத்தான் இருக்கிறது. இத்தனை பேர் வந்தால்தான் கூட்டம் செல்லும் என்ற கணக்கு கிடையாது. பந்தல் போட்டு, வெளியூரிலிருந்து பஸ்ஸில் ஆள் இறக்கி முன்வரிசையை நிரப்புவது தனிக் கதை.

அந்தக் கூட்டத்துக்கும் விலக்கு வாங்கிவிடலாம். தொழிற்பேட்டைக்குள் வரும் ஆலைக்குக் கருத்துக் கேட்பு தேவையில்லை என்று ஒரு விலக்கு இருக்கிறது. தூத்துக்குடி ஸ்டெர்லைட் தாமிர ஆலையின் விரிவாக்கம் கருத்துக் கேட்பே இல்லாமல் சுற்றுச்சூழல் அனுமதி பெற்றது. மக்களைக் கேட்க வேண்டும் என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டு விரிவாக்கத்துக்குத் தடை விதித்த தேதி 2018 மே 23. அதற்கு முதல் நாள்தான் ஆலையை எதிர்த்துப் போராடியவர்கள் மீது போலீஸ் துப்பாக்கிச் சூடு. உயிர்கள் போன பிறகு வந்தது அந்த உத்தரவு. இந்த இரண்டு தேதிகளையும் அடுத்தடுத்துப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு பிசைகிறது.

2020 ஜனவரியில் எண்ணெய், எரிவாயு ஆய்வுக் கிணறுகளுக்கும் கருத்துக் கேட்பை எடுத்துவிட்டார்கள். பெரிய திட்டங்களுக்கே இப்படி என்றால் எங்கள் நார் மில் எந்த மூலைக்கு?

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. வருஷத்துக்கு 6 கிராம சபை நடக்கிறது. இசைவு கொடுக்கும் முன் ஒரு கிராம சபையில் அந்த விண்ணப்பத்தை வையுங்கள். ரேஷன் கடைச் சுவரில் தமிழில் ஒரு பக்கம் ஒட்டுங்கள்: என்ன ஆலை, எவ்வளவு தண்ணீர் எடுக்கும், கழிவு எங்கே போகும், பக்கத்துக் கிணறு எத்தனை அடி தூரம். ஊர் சொல்வதற்கு எழுத்தில் பதில் கொடுங்கள். "இப்படிக் கேட்டுக்கொண்டிருந்தால் ஒரு தொழிலும் வராது" என்பார்கள். ஒரு மாசம் தாமதம் ஆகும், சரி. கிணறு கெட்டால் எத்தனை வருஷம் என்று யாராவது கணக்குப் போட்டார்களா?

மில் இன்னும் ஓடவில்லை. போன வாரம் பெரியப்பா கிணற்றிலிருந்து இரண்டு கேன் தண்ணீர் எடுத்துப் பரிசோதனைக்குக் கொடுத்தோம். "இந்தக் கிணறு முன்னாடியே இப்படித்தான் இருந்துச்சு" என்று நாளைக்கு யாரும் சொல்லிவிடக் கூடாது பாருங்கள். ரசீதைப் பெரியப்பா பீரோவில் வைத்துப் பூட்டியிருக்கிறார்.