குறும்பட நாட்களை ஒத்திகை என்று ஒதுக்க வேண்டாம்

விஜய் சேதுபதி குறும்படங்களில் ஏற்ற சாதாரண மனிதர்களின் வேடங்களைப் பெரிய திரைக்கான ஒத்திகையாக மட்டும் நான் படித்த ஒரு கட்டுரை காண்பதை என்னால் ஏற்க முடியவில்லை. சென்னையின் கூத்துப்பட்டறை நாடகக் குழுவில் கணக்காளராக இருந்தபடியே நடிகர்களைக் கவனித்துக் கற்றவர் அவர். அந்தக் கவனிப்பும், சில நிமிடங்களுக்குள் ஒரு மனிதரைப் பார்வையாலும் தயக்கத்தாலும் முழுமையாகக் காட்டிவிட வேண்டிய குறும்பட நெருக்கடியும் சேர்ந்தே, 2010இல் 'தென்மேற்குப் பருவக்காற்று', 2012இல் 'பீட்சா' ஆகிய படங்களில் நாம் கண்ட அலட்டலற்ற நடிப்பை உருவாக்கின என்பது என் உறுதியான கருத்து. 'பீட்சா'வை இயக்கிய கார்த்திக் சுப்புராஜும் குறும்படங்களிலிருந்து வந்தவரே. திருகோணமலையில் குறும்படம் எடுக்கும் எங்கள் இளைஞர்கள் கோணேசர் மலையையும் கடலையும் அழகாகப் படம்பிடிக்கிறார்கள். மீன் சந்தையில் விலை பேசுபவரின் பேச்சையும் உடல்மொழியையும் அதே அக்கறையோடு கவனிக்கும் நடிகர்களையும் அவர்கள் தேட வேண்டும் என்று மனதார விரும்புகிறேன்.