இரண்டு வாள் பிடித்தால் அடி இரட்டிப்பாகாது

தம்பி, 'டயாப்லோ 3இல் இரண்டு கையிலும் வாள் பிடித்தால் அடி இரண்டு மடங்கு' என்று எழுதியிருக்கிறீர். அது பிழை. அந்தக் கேமில் இரண்டு வாளும் ஒன்றாக வெட்டுவதில்லை, மாறி மாறித்தான் விழும். கிணற்றடியில் இரண்டு வாளி வைத்திருந்தாலும் துலா ஒன்றுதானே, அந்த மாதிரி. மெய்யாகக் கிடைப்பது தாக்கும் வேகத்தில் 15 சதவீதக் கூடுதல் மட்டும்.

கணக்குப் பாரும். ஒரே வேகமுள்ள இரண்டு வாள். ஒன்றின் சராசரி அடி 1000, மற்றதினது 600. மாறி மாறி விழுந்தால் சராசரி 800. வேகக் கூடுதலையும் சேர்த்தால் 920. தனி வாளின் 1000ஐ விடக் குறைவு! (நானும் பெட்டியில் கிடந்த ஏதோ ஒரு வாளை இடக்கையில் மாட்டிவிட்டு, பூதம் ஏன் சாகுதில்லை என்று ஒரு கிழமை மண்டையைப் பிய்த்தவன்தான்.) இரண்டாவது வாளின் குழியில் மரகதம் பதித்தால் கிரிட்டிக்கல் அடி (இடைக்கிடை விழும் பலத்த அடி) ஏறும், அதனால் சிலவேளை இலாபம் வரும். அதையும் கணக்குப் போட்டுத்தான் பார்க்க வேண்டும்.

எல்டன் ரிங் என்ற கேம் வேறு கதை. அங்கே ஒரே வகை ஆயுதம் இரண்டு பிடித்தால், இடக்கைப் பொத்தானை அழுத்த இரண்டும் சேர்ந்தே தாக்கும். நீர் சொன்னது அங்கேதான் ஓரளவு பொருந்தும்.