பத்து வருடத்தில் பாதி வீட்டுக்கடன் தீராது

"20 வருட வீட்டுக்கடனில் 10 வருடம் கட்டினால் பாதி முடிந்தது" என்று கொழும்பு வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றும் தகவல் பிழை.

1 கோடி ரூபாய், நிலையான 12% வருட வட்டி என்று வைத்துப் பாருங்கள். மாதத் தவணை சுமார் 110,109 ரூபாய். முதல் மாதம் அதில் 100,000 வட்டிக்கே போய்விடும். கடனில் கழிவது வெறும் 10,109. பத்து வருடத்தில் 1.32 கோடி கட்டியபின்னும் நிலுவை 76.7 இலட்சம்! வாங்கிய கடன் பாதியாகக் குறைவது 15ஆவது வருடக் கடைசியில்தான். மொத்தமாகக் கட்டுவது 2.64 கோடி.

மத்திய வங்கி வாராந்தம் வெளியிடும் ஏ.டபிள்யூ.பி.ஆர். வீதத்தோடு (வங்கிகள் தம் முதன்மை வாடிக்கையாளரிடம் வாங்கும் சராசரி கடன் வட்டி) இணைந்த கடனென்றால் தவணையும் மாறும்.

சந்தேகமென்றால் கையெழுத்திடுமுன் வங்கியிடம் மாதவாரி மீளச்செலுத்தல் அட்டவணையைக் கேளுங்கள். 120ஆவது மாத வரியில், அதாவது பத்து வருட முடிவில், எவ்வளவு நிலுவை என்று இருக்கும். அந்த வாட்ஸ்அப் தகவலை இனி யாருக்கும் அனுப்பாதீர்கள்.