குத்தார் வெறும் கையடக்கக் கேமராக்காரர் அல்ல

பிரெஞ்சு ஒளிப்பதிவாளர் ரவுல் குத்தார் பற்றி நீங்கள் வெளியிட்ட கட்டுரையில் அவர் கேமராவைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடியதைத்தான் அதிகம் எழுதியிருக்கிறீர்கள், ஆனால் அவர் ஒளியைக் கையாண்ட விதம்தான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. 'ப்ரெத்லெஸ்' படத்துக்கு விளக்கு வைக்காமல் இரவிலும் எடுக்க வேண்டும் என்று அதன் இயக்குநர் கோதார் கேட்க, அவ்வளவு குறைந்த வெளிச்சத்தில் பதிவாகும் சினிமா ஃபிலிம் அப்போது இல்லை. அதனால் புகைப்படக்காரர்களுக்காக விற்ற இல்ஃபோர்டு எச்.பி.எஸ். ஃபிலிமை, 17.5 மீட்டர் துண்டு துண்டாக வாங்கி ஒட்டிப் பயன்படுத்தினார்கள். அந்த ஃபிலிமின் ஓரத் துளைகளின் அளவு மற்ற சினிமா கேமராக்களுக்குப் பொருந்தாது, கேமஃப்ளெக்ஸ் என்ற கேமராவில் மட்டும் ஓடியது. அப்புறம் லேபில் கூடுதலாக டெவலப் செய்தார்கள். அந்த மணல்மணலான கறுப்பு வெள்ளை அப்படித்தான் வந்தது. கேமராவை உருட்டிச் செல்லும் ட்ராலிக்குப் பதில் சக்கர நாற்காலி, தெருவில் ஒளிந்து எடுக்கத் தபால் வண்டி!

இந்தத் துணிச்சல் எங்கிருந்து வந்தது என்றால் இந்தோசீனா (வியட்நாம், லாவோஸ், கம்போடியா) என்பேன். போர்க்களத்தில் பல வருடம் ஸ்டில் (புகைப்படம்) எடுத்தவருக்கு, கிடைக்கிற வெளிச்சத்தில் சட்டென்று எடுப்பது பழகிப்போன வேலை. 1924இல் பாரிஸில் பிறந்தவர் சினிமாவுக்கு வந்ததே தற்செயலாகத்தான், முதல் படத்துக்கு ஸ்டில் எடுக்கத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்துப் போனாராம்.

இன்னொன்று, 1970இல் வியட்நாம் போரை வைத்து அவரே இயக்கிய 'ஹோவா பின்' படத்தைக் கட்டுரை தொடவே இல்லை. கான் விழாவில் முதல் பட விருது வாங்கிய படம், போருக்கு நடுவே கைவிடப்பட்ட குழந்தைகளின் கதை. தயவுசெய்து அதைப் பற்றித் தனியாக எழுதுங்கள்.