"கதைதானே" என்று வாயை அடைக்காதீர்கள்

நேரத்தை நிறுத்துகிற, பின்னால் ஓட்டுகிற கருவி வரும் கதை எதைப் பற்றியாவது பேச்செடுத்து ஒரு சந்தேகம் கேட்டால் போதும், அடுத்த நொடி யாராவது ஒருவர் "கதைதானே, இதுல போய் லாஜிக் பாத்துக்கிட்டு" என்று சொல்லி வாயை அடைத்துவிடுகிறார்கள். வீட்டில், ஆபீஸ் டீ நேரத்தில், குடும்ப வாட்ஸப் குரூப்பில், எங்கே போனாலும் இதே பதில்தான். பற்றிக்கொண்டு வருகிறது. நான் குறை கண்டுபிடிக்கவா கேட்கிறேன்? அந்தக் கருவி மேல் அவ்வளவு ஆசை இருப்பதால்தான் கேட்கிறேன்.

2016இல் வந்த '24' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கைக்கடிகாரம் நேரத்தை நிறுத்தியதும் கொட்டுகிற மழை அப்படியே அந்தரத்தில் நிற்கும். பார்க்கவே அவ்வளவு அழகு, அந்தப் படத்துக்காக ஒளிப்பதிவாளர் திருவுக்குத் தேசிய விருது கிடைத்தது சும்மா இல்லை. நான் கேட்டது இதுதான்: நின்றுபோன மழைக்குள் ஒருவன் நடந்தால், வழியில் இருக்கிற துளியெல்லாம் அவன் மேல்தானே ஒட்டும், அவன் நடந்து போன இடத்தில் ஆள் உயரத்துக்கு மழையே இல்லாத ஒரு சுரங்கம் விழுந்திருக்குமே? காற்றும் நின்றுவிட்டால் அவன் எப்படி மூச்சு விடுவான்? வெளிச்சமும் நின்றுவிட்டால் கண்ணுக்கு என்ன தெரியும், கும்மிருட்டுதானே? இதைப் பேசினால் எவ்வளவு நேரம் ஜாலியாகப் போகும்! அதற்குள் வந்துவிட்டது அந்தப் பதில். பேச்சு முடிந்தது. எல்லோரும் மொபைலை எடுத்துக்கொண்டார்கள்.

இது ஏதோ நான் மட்டும் பிடித்துக்கொண்டு தொங்குகிற விஷயம் இல்லை. ஆங்கில எழுத்தாளர் எச்.ஜி.வெல்ஸ் 1901லேயே இதை யோசித்துவிட்டார். 'தி நியூ ஆக்சலரேட்டர்' என்ற அவருடைய சிறுகதையில் ஒரு மருந்து வருகிறது, அதைக் குடித்தவன் ஆயிரக்கணக்கான மடங்கு வேகமாகிவிடுகிறான். கையை விட்டால் கண்ணாடி டம்ளர் கீழே விழாமல் காற்றிலேயே நிற்கிறது, வெளியே பேண்டு வாசிக்கிறவர்கள் சிலை மாதிரி உட்கார்ந்திருக்கிறார்கள். மருந்து குடித்த இரண்டு பேரும் அதற்கு நடுவே நடந்து போகிறார்கள், அதில் ஒருவர் வேகத்தைக் கூட்டியதும் காற்று உரசுகிற சூட்டில் கால்சட்டை கருக ஆரம்பிக்கிறது. அந்த ஒரு வரியில்தான் அந்த மருந்தை நான் முழுசாக நம்பினேன்.

"அதெல்லாம் வெள்ளைக்காரன் யோசிப்பான்" என்று வேறு ஒருவர் சொன்னார். எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. நளாயினி கதை யாருடையது? பொழுது விடிந்தால் புருஷன் செத்துவிடுவான் என்று சாபம், அவள் சூரியனே உதிக்கக் கூடாது என்கிறாள், நேரம் நின்றுவிடுகிறது. கதை அதோடு முடிகிறதா? விடியாமல் போனதால் உலகமே தவிக்கிறது, வேள்வி நடக்கவில்லை, தேவர்களே இறங்கி வந்து சமாதானம் பேச வேண்டியிருக்கிறது. ஒரே ஒரு ஆளுக்காக நேரத்தை நிறுத்தினால் மற்ற எல்லோருக்கும் என்ன ஆகும் என்று நம் ஆட்கள் கேட்டுவிட்டுத்தான் கதை சொன்னார்கள். அப்புறம் இரணியன்? பகலும் இல்லை இரவும் இல்லை, உள்ளேயும் இல்லை வெளியேயும் இல்லை என்று வாங்கிய வரத்தில் ஒரு வார்த்தையைக்கூட நரசிம்மர் மீறவில்லை. அந்தி நேரம், வாசற்படி, மடி. கடவுளே விதிக்குக் கட்டுப்படுகிறார், நம்ம ஊர் மச்சான்களுக்கு மட்டும் லாஜிக் வேண்டாமாம்!

ஹாரி பாட்டரில் வரும் டைம் டர்னர், அதாவது நேரத்தில் பின்னால் போக வைக்கிற கருவி, அது விஷயத்தில் எனக்கு இன்னும் ஆறவில்லை. 1999இல் வந்த மூன்றாவது புத்தகத்தில் கோடரி விழுகிற சத்தம் கேட்கிறது, பக்பீக் என்ற மந்திர விலங்கை வெட்டிவிட்டார்கள் என்று ஹாரியும் நாமும் நம்பிவிடுகிறோம். மூன்று மணி நேரம் பின்னால் போய்ப் பார்த்தால், பக்பீக் தப்பித்த கோபத்தில் வெட்ட வந்த ஆள் வேலியில் ஓங்கிப் போட்ட சத்தம் அது. அதே சத்தம்தான், முதல் தடவையும் நடந்தது அதுதான். பழசு எதுவும் மாறவில்லை, நமக்குத்தான் பாதி தெரிந்திருந்தது. எவ்வளவு நேர்த்தி! 2003இல் வந்த ஐந்தாவது புத்தகத்தில் அந்தக் கருவிகள் வைத்திருந்த அலமாரி உடைந்து, ஒட்டி, மறுபடி விழுந்து, முடிவே இல்லாமல் சுற்றிக்கொண்டிருக்கிறது. சரி, கதவைச் சாத்திவிட்டார்கள் என்று நினைத்தேன். 2016இல் மேடை நாடகமாக வந்ததில் மறுபடி ஒரு டைம் டர்னர், இந்தத் தடவை பின்னால் போய் ஒரு போட்டியில் கை வைத்தால் கல்யாணம் மாறுகிறது, பிள்ளைகள் பிறக்காமல் போகிறார்கள், செத்த வில்லன் ஆட்சி நடத்துகிறான். ஆடுபுலியில் பாதி ஆட்டத்துக்கு மேல் புலி இரண்டு ஆட்டைச் சேர்த்துத் தாண்டலாம் என்று ஒருவன் சொன்னால் காயை வாரிக்கொண்டு எழுந்துவிட மாட்டோமா? இதைச் சொன்னதற்கும் "மந்திரம்தானே, விடு" என்றார்கள். மந்திரமாகவே இருக்கட்டும், முதலில் இப்படித்தான் வேலை செய்யும் என்று காட்டி என்னை அழ வைத்தவர்கள், அதை மாற்றும்போது ஒரு காரணமாவது சொல்ல வேண்டாமா?

இதில் கொடுமை, இப்படிச் சொல்கிற அதே மச்சான்தான் போலீஸ் படம் ஓடும்போது ரிவால்வரில் ஆறு குண்டுதானே, ஏழாவது எங்கிருந்து வந்தது என்று வீட்டையே இரண்டாக்குகிறார். அப்போது யாரும் அவரைப் பார்த்துக் "கதைதானே" என்று சொல்வதில்லை. நானும் சொன்னதில்லை, சேர்ந்து உட்கார்ந்து எண்ணியிருக்கிறேன்.