நாற்பது பெயர் எழுதினால் நாலு பேர்கூட மிஞ்சமாட்டார்கள்

கும்பலாகச் சேர்ந்து செய்த கொலையில் மேல்முறையீட்டில் சிலர் விடுதலையானால் போதும், இங்கே இரண்டு குரல்கள் கிளம்பிவிடும். 'நீதிபதியை வாங்கிவிட்டார்கள்' என்பது ஒன்று. 'பொய் வழக்கு என்று அப்பவே சொன்னோமே' என்பது இன்னொன்று. தீர்ப்பைப் படிக்காமலே இரண்டையும் சொல்லலாம், அதுதான் வசதி. என்னைக் கேட்டால், இப்படிப்பட்ட வழக்குகள் பல முதல் நாளே காவல் நிலையத்தில் குற்றவாளிகள் என்று பெயர்ப் பட்டியலை எழுதும்போதே தோற்றுவிடுகின்றன.

சட்டத்தில் பலமில்லை என்று யாரும் சொல்ல முடியாது. 1923-இல் கல்கத்தா சங்கரிதோலா தபால் நிலையத்தில் பணம் எண்ணிக்கொண்டிருந்த அதிகாரியைச் சிலர் வந்து சுட்டுக் கொன்றார்கள். துரத்திப் பிடிக்கப்பட்ட பரேந்திர குமார் கோஷ், 'நான் வெளியே முற்றத்தில் பயந்துபோய் நின்றேன், அவ்வளவுதான்' என்று வாதாடினார். அன்றைக்கு இந்திய வழக்குகளுக்குக் கடைசி மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் அதை ஏற்கவில்லை. சேர்ந்து திட்டமிட்டு வந்தவன், கையில் எடுத்த வேலை காவல் நிற்பது மட்டுமே என்றாலும் கொலைக்குப் பொறுப்புதான். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு அது. அதற்குப் பதிலாக இப்போது வந்திருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் 3(5).

அதே பழைய சட்டத்தின் 149-ஆம் பிரிவு (இப்போது 190) இன்னும் அகலமான வலை. ஐந்து பேரோ அதற்கு மேலோ சட்டவிரோதமாகக் கூடி, அவர்களின் பொது நோக்கத்துக்காக ஒருவன் கொன்றால், கூட்டத்தில் இருந்த மற்றவர்களுக்கும் அதே குற்றம். யார் அடி எங்கே விழுந்தது என்று தனித்தனியாக நிரூபிக்கத் தேவையில்லை.

ஆனால் 34-ஆம் பிரிவு கேட்கும் பொது எண்ணம் சும்மா வந்துவிடாது. 1945-இல் மகபூப் ஷா வழக்கில் அதே பிரிவி கவுன்சில், இரண்டு பேருக்கு ஒரே மாதிரி எண்ணம் இருப்பது வேறு, இருவரும் முன்கூட்டிச் சேர்ந்து ஓர் எண்ணத்தோடு செயல்படுவது வேறு என்று சொல்லி, கொலைக் குற்றத்திலிருந்து அவரை விடுவித்தது. சத்தம் கேட்டு ஓடிவந்து வேடிக்கை பார்த்தவனை 149-இலும் உள்ளே தள்ள முடியாது.

சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. கூட்டத்தில் யார் இருந்தார்கள் என்பதைச் சொல்லப்போவது கண்ணால் கண்ட சாட்சி. வெட்டு விழுந்துகொண்டிருக்கும்போது அவர் என்ன கணக்கா எடுத்துக்கொண்டிருப்பார்? இதை உச்ச நீதிமன்றமே புரிந்துகொண்டுதான் 1964-இல் மசால்தி வழக்கில் பேசியது. பெரிய கும்பலில் ஒவ்வொருவரும் என்ன செய்தார்கள் என்று துல்லியமாகச் சொல்வது சாட்சிக்குக் கடினம். ஆகவே இரண்டு, மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட சாட்சிகள் ஒரேபோல அடையாளம் காட்டுகிறவர்களை மட்டும் தண்டிப்பது பாதுகாப்பு என்றது. சட்டத்தில் இல்லாத, அனுபவத்தில் பிறந்த எச்சரிக்கை இது. ஒற்றைச் சாட்சியே போதும் என்று 1957-இலேயே வடிவேலு தேவர் வழக்கில் சொல்லியாயிற்று. முத்துப்பேட்டையில் ஒரு தேநீர்க் கடைக்காரர் கொலை. அவருடைய மனைவியின் சாட்சியத்தை மட்டும் நம்பித் தூக்குத் தண்டனையை உறுதிசெய்தார்கள். உறவினர் என்பதாலேயே சாட்சி பொய்யாகிவிடாது என்பதும் பழைய விதிதான். பட்டப்பகலில் ஒருவரை வெட்டும்போது பக்கத்தில் வேறு யார் இருப்பார்கள், வீட்டுக்காரர்கள்தானே?

அப்புறம் ஏன் தோற்கிறது? இருக்கிற பகையை எல்லாம் சேர்த்து, எதிராளியின் அண்ணன், தம்பி, மச்சான், ஊரிலேயே இல்லாத சித்தப்பா வரை புகாரில் எழுதிவிடுகிறார்கள். பிறகு ஒவ்வொரு பெயருக்கும் ஓர் அரிவாளும் ஒரு வெட்டும் கொடுத்தாக வேண்டும். பிரேதப் பரிசோதனை அறிக்கையில் அத்தனை காயம் இருக்காது. உமியை நீக்கி அரிசியை எடுக்கலாம் என்று நம் நீதிமன்றங்கள் சொல்வது உண்மைதான். ஆனால் பொய்யும் மெய்யும் ஒரே வாக்கியத்தில் பின்னிக் கிடந்தால் யாரால் பிரிக்க முடியும்? ஐந்து பேர்தான் கூட்டம் என்று வழக்குப் போட்டு, இருவர் விடுதலையாகி, அடையாளம் தெரியாத வேறு யாரும் இருந்ததாகச் சாட்சியம் இல்லையென்றால் 149 நிற்காது. மீதி மூவருக்கு 34 பொருந்துமா என்று பார்க்க வேண்டும். கூடுதலாக எழுதிய அந்த இரண்டு பெயர்கள் உண்மையான குற்றவாளிக்கே உதவுகின்றன.

நீதிமன்றம் எப்போதும் சரி என்று சொல்லவரவில்லை. கீழ்வெண்மணியில் 1968-இல் தலித் விவசாயக் கூலிக் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் எரிக்கப்பட்டார்கள். மேல்முறையீட்டில் சென்னை உயர் நீதிமன்றம், நிலம் படைத்த பணக்காரர்கள் வேலையாட்கள் இல்லாமல் தாங்களே நடந்து வந்து தீ வைத்தார்கள் என்பதை நம்ப முடியவில்லை என்றது. அது சாட்சியத்தை எடைபோட்டதே இல்லை, மிராசுதாரர்களின் அந்தஸ்தை எடைபோட்டது. எனக்கு அதில் இன்றும் ஆத்திரம் உண்டு.

மேலவளவைப் பாருங்கள். 1997 ஜூன் 30 அன்று அந்த ஊரின் தலித் ஊராட்சித் தலைவர் முருகேசனும் இன்னும் ஐந்து பேரும் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். வெட்டுப்பட்டும் உயிர் தப்பியவர்கள் கூண்டில் ஏறிச் சொன்னார்கள். காயம்பட்ட சாட்சி அந்த இடத்தில் இருந்தாரா என்று கேட்க முடியாது, அவர் உடம்பே பதில். குற்றம் சாட்டப்பட்ட 40 பேரில் 17 பேருக்கு 2001-இல் சேலத்தில் ஆயுள் தண்டனை கிடைத்தது. 2006-இல் உயர் நீதிமன்றத்திலும் 2009-இல் உச்ச நீதிமன்றத்திலும் அது நின்றது. மற்ற 23 பேர் அங்கே இருந்தார்களா இல்லையா என்று நான் சொல்லமாட்டேன். நின்ற தண்டனை எதன் மேல் நின்றது என்பதைத்தான் சொல்கிறேன்.

இப்போது சாதி, சமூகம், மொழி, தனிப்பட்ட நம்பிக்கை போன்ற காரணங்களுக்காக ஐந்து பேரோ மேலோ சேர்ந்து கொன்றால், புதிய சன்ஹிதாவில் 103(2) என்று தனிப் பிரிவே வந்துவிட்டது. மரண தண்டனை அல்லது ஆயுள். சரி, வரட்டும். அந்த ஐந்து பேரில் இவனும் இருந்தான் என்று சொல்ல ஒரு சாட்சி தேவை. அவருடைய வாக்குமூலத்தை முதல் சில மணி நேரத்திலேயே, யாரும் பெயர் சேர்க்கும் முன் பதிவுசெய்யச் சொல்லி எந்தக் கட்சியாவது போராடியிருக்கிறதா?