சமன்பாட்டுக்குப் பணம் கட்டத் தேவையில்லை

"பக்க வடிவமைப்பில் கணிதச் சமன்பாடு வேண்டுமென்றால் விலைகொடுத்துச் செருகுநிரல் வாங்க வேண்டும், இல்லையேல் திரைப்பிடிப்புதான் வழி" என்று சிலர் சொல்வது தவறு. இதை நம்பிப் பாடநூல் செய்பவர்கள் வீணாகச் செலவழிப்பார்கள் என்பதால் எழுதுகிறேன்.

ஸ்கிரைபஸ் பக்க வடிவமைப்புக்கான இலவச மென்பொருள். அதில் 'ரெண்டர் ஃபிரேம்' என்ற சட்டகம் உண்டு. சமன்பாடுகளைக் குறியீடுகளாக எழுதி அச்சுக்கோக்கும் மென்பொருளான லாடெக்கின் நிரலை அதற்குள்ளேயே எழுதினால் சமன்பாடு பக்கத்தில் வந்து நிற்கும். கணினியில் லாடெக்கைத் தனியாக நிறுவியிருக்க வேண்டும், அவ்வளவே. அதுவும் இலவசம். அதன் அடித்தளமான 'டெக்' என்ற மென்பொருளைக் கணினி அறிஞர் டொனால்டு நூத் 1978இல் உருவாக்கியதே தம் நூலின் அச்சுக்கோப்பு மனநிறைவு தராததால்தான்.

விலைகொடுத்து வாங்கும் பக்க வடிவமைப்பு மென்பொருளான இன்டிசைனை விட முடியாதவர்கள் லாடெக்கில் 'ஸ்டாண்டலோன்' ஆவண வகையைப் பயன்படுத்தினால், சமன்பாட்டின் அளவுக்கே வெட்டப்பட்ட பிடிஎஃப் கிடைக்கும். அதைப் படம்போல் பக்கத்தில் வைக்கலாம். புள்ளிகளால் அல்லாமல் கோடுகளால் ஆன கோட்டுருவம் (வெக்டர்) என்பதால் எவ்வளவு பெரிதாக்கினாலும் மங்காது. லாடெக் கடினம் என்றால் லிப்ரே ஆபிஸ் என்ற இலவச அலுவலக மென்பொருளின் சமன்பாட்டுக் கருவியான மேத்திலிருந்தும் பிடிஎஃப் எடுக்கலாம். சுற்றியுள்ள வெற்றிடத்தை மட்டும் நீக்க வேண்டும்.

ஒரு சிரமம் உண்மையிலேயே இருக்கிறது: வரிக்கு நடுவே வரும் சிறு சமன்பாடுகளை எழுத்துகள் அமர்ந்திருக்கும் கோட்டுக்கு ஏற்பக் கையால் ஏற்றி இறக்க வேண்டியிருக்கும். நூற்றுக்கணக்கில் இருந்தால் முழு நூலையும் லாடெக்கிலேயே அமைப்பது நல்லது. திரைப்பிடிப்பை மட்டும் அச்சுக்கு அனுப்பாதீர்கள். மேற்குறியாக வரும் சிறு எண்கள் மாணவர் கண்ணுக்குத் தெரியாமல் போகும்.